தெருவுக்கு ஒரு சரித்திரச் சித்தப்பா

எந்த ஊருக்குக் குடிபோனாலும் அங்கே ஒரு பால்காரர், ஒரு இஸ்திரிக்காரர், ஒரு சரித்திரச் சித்தப்பா ஆகிய மூவர் இருப்பார்கள். முதல் இருவரையும் நாம்தான் விசாரித்துத் தேடிப் போகவேண்டும். மூன்றாமவர் தாமாகவே வந்து சேர்வார். லாரியிலிருந்து பீரோவை இறக்கிக்கொண்டிருக்கும்போதே வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்து நின்று, "தம்பிக்குச் சொந்த ஊர் எது?" என்பார்.

யோசித்துப் பதில் சொல்ல வேண்டிய கேள்வி இது. திருப்பூர், சிவகாசி என்றால் "ஓகோ, நல்லது" என்று பீரோவுக்கு ஒரு கை கொடுத்துவிட்டுப் போய்விடுவார். தப்பித் தவறி "காட்டுமன்னார்கோயில்" என்று சொல்லிவிட்டால் அன்று பீரோ லாரியிலேயே நிற்கும்.

"அடடே, அனந்தீசுவரர் கோயில் இருக்கிற ஊரா! அந்தக் கல்வெட்டைப் பார்த்திருக்கீங்களா?"

பார்த்ததில்லை. அந்தக் கோயிலைத் தாண்டிப் போய் பஸ் பிடித்ததோடு சரி. சித்தப்பாவின் முகத்தில் அப்போது ஓர் இரக்கம் படரும். புதையல் மேல் உட்கார்ந்துகொண்டு கடலை தின்றவனைப் பார்க்கிற இரக்கம்.

விஷயம் இதுதான். சுந்தர சோழரின் மூத்த மகன் ஆதித்த கரிகாலன் கொல்லப்பட்டு ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது. சோமன், ரவிதாசன், பரமேசுவரன் என்று குற்றவாளிகளின் பெயர்களை அனந்தீசுவரர் கோயிலிலுள்ள அந்த உடையார்குடிக் கல்வெட்டு சொல்கிறது. அவர்களும் அவர்களுடைய உற்றார் உறவினரும் சொத்தைப் பறிகொடுத்ததையும் சொல்கிறது. ஏன் கொன்றார்கள், யார் தூண்டிவிட்டார்கள் என்பதை மட்டும் சொல்லவில்லை. வரலாற்றறிஞர் நீலகண்ட சாஸ்திரியார் உத்தம சோழர்மீது சந்தேகப்பட்டார். சதாசிவ பண்டாரத்தார் அதை மறுத்தார். கல்கியோ 'பொன்னியின் செல்வ'னை ஐந்து பாகம் எழுதியும், குத்தியது யார் என்பதை இருட்டிலேயே விட்டுவிட்டார். ஆக, வழக்கு இன்னும் முடியவில்லை. புலன் விசாரணை சித்தப்பாவின் கையில் இருக்கிறது. சித்திரை மாதம் பார்த்தால் பெரிய பழுவேட்டரையர்தான் கொலையாளி. ஆடியில் சந்தேகம் நந்தினி பக்கம் திரும்பும். மார்கழிக் குளிரில், "யோசிச்சுப் பார்த்தா அது தற்கொலையாத்தான் இருக்கணும்" என்று சால்வையை இழுத்துப் போர்த்திக்கொள்வார்.

அரசு அலுவலகம் ஒன்றில் தபால் அனுப்பும் பிரிவிலேயே உத்தியோகம் பார்த்து, அங்கேயே ஓய்வும் பெற்றவர் சித்தப்பா. ஆனால் தெருவில் நடக்கும் எதையும் சோழ நாட்டுக் கணக்கில்தான் பார்ப்பார். குடியிருப்போர் சங்கச் செயலாளரை மாற்ற நான்கு பேர் மொட்டை மாடியில் கூடினால் அது கடம்பூர் மாளிகைச் சதியாலோசனை. நாலு வீட்டுச் செய்தியைக் காதில் வாங்கி ஐந்தாவது வீட்டில் சொல்கிறவர் ஆழ்வார்க்கடியான். பாலைக் குடித்துவிட்டுச் சுவரேறி ஓடும் பூனைக்கு ரவிதாசன் என்று பெயர். ராத்திரி எங்காவது ஆந்தை கத்திவிட்டால் எழுந்து உட்கார்ந்துகொள்வார். பாண்டிய நாட்டு ஆபத்துதவிகள் அருகில் எங்கோ நடமாடுகிறார்கள் என்று அர்த்தம்.

மகன் பெயர் அருள்மொழி, மகள் பெயர் குந்தவை என்பதைத் தனியாகச் சொல்லவேண்டியதில்லை. அந்தப் பெண்ணைப் பள்ளிக்கூடத்தில் 'குந்து' என்று கூப்பிட்டார்கள். அவள் வளர்ந்து, கல்யாணமாகி, தன் பெண்ணுக்கு இரண்டெழுத்தில் ஒரு பெயர் வைத்துப் பழிதீர்த்துக்கொண்டாள்.

சித்தப்பாவின் அலமாரியில் மேல்தட்டு சுவாமி படத்துக்கு. அதற்கடுத்த தட்டு பைண்டு புத்தகங்களுக்கு. 1950 அக்டோபரிலிருந்து 1954 மே வரை 'கல்கி' இதழில் வாராவாரம் வந்த 'பொன்னியின் செல்வ'னை அவருடைய அப்பா கிழித்துச் சேர்த்துத் தைத்து வைத்தவை அவை. காலிகோ முதுகு உரிந்து உள்ளே சணல் நூல் தெரியும். பிரித்தால் பழங்கோந்து வாசனையோடு ஒரு வெள்ளிப் பூச்சி ஓடும். ஒரு பக்கத்தில் ஓவியர் மணியம் வரைந்த குந்தவை கொண்டை சாயாமல் நிற்பாள். அதன் மறுபக்கத்தில் யாரோ யாரிடமோ சொன்ன சிரிப்புத் துணுக்கு பாதி மட்டும் இருக்கும், மீதி அடுத்த பக்கத்தோடு போய்விட்டது. பைண்டர் ஓரத்தை நறுக்கியபோது கீழ்வரிகள் சில போயின. அந்த வரிகளைச் சித்தப்பா பென்சிலால் எழுதிச் சேர்த்திருக்கிறார். பார்த்து எழுதவில்லை, மனப்பாடமாக எழுதியது.

இந்த வரிசையில் மூன்றாம் பாகம் மட்டும் இல்லை. 'கொலை வாளை' அவருடைய சகலை இரவல் வாங்கிக்கொண்டு போனார், போனதுதான். இரண்டு குடும்பத்துக்கும் பேச்சுவார்த்தை நின்றுவிட்டது. "அதான் கல்கி எழுத்து நாட்டுடைமை ஆயிடுச்சே, எல்லாப் பதிப்பகமும் போடறாங்க. புத்தகக் கண்காட்சியில மலிவா ஒண்ணு வாங்கிடலாமே" என்று சொல்லிப் பாருங்கள். "வாங்கலாம். அதுல எங்கப்பா போட்ட தேதி இருக்குமா?" என்பார்.

வெளியில் அவர் கல்கி கட்சி. மேடை கிடைத்தால் கண்ணியம், நடை, நகைச்சுவை என்று அடுக்குவார். ஆனால் ராத்திரி பத்து மணிக்கு மேல் அவர் கட்டிலில் விளக்கு எரிந்தால், கையில் இருப்பது சாண்டில்யன். குமுதத்தில் தொடராக வந்து மூன்று பாகமாகப் புத்தகமான 'கடல் புறா'. கருணாகரத் தொண்டைமான் என்கிற இளைய பல்லவன் கப்பலேறிப் போகிறான். கதாநாயகிகள் இரண்டு பேர். அதில் ஒருத்தி கதவைத் திறந்துகொண்டு உள்ளே வருவதற்குள், அவளை வர்ணிப்பதிலேயே அத்தியாயத்தில் ஒரு பங்கு தீர்ந்துவிடும். சித்தி எட்டிப் பார்த்துவிட்டால் சித்தப்பா கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு சொல்வார்: "கடற்போர் முறையை என்னமா விவரிச்சிருக்கார் தெரியுமா?"

"தெரியும். நானும் படிச்சிருக்கேன். நீங்க இப்ப இருக்கிற பக்கத்துல கப்பலே கிடையாது" என்பாள் சித்தி.

சித்தியும் இந்தப் புத்தகங்களை எல்லாம் படித்தவள்தான். குக்கர் விசில்களுக்கு நடுவே படித்து முடித்தாள். ஆனால் அவள் படித்தது வேறு கதை. சித்தப்பாவுக்கு அது வீரம், சதி, குதிரை. சித்திக்கோ, அப்பா படுத்த படுக்கையாகி, அண்ணனுக்கும் அப்பாவுக்கும் ஆகாமல் போய், தம்பி கடல் கடந்த தேசத்தில் இருக்க, பழையாறையில் உட்கார்ந்துகொண்டு மொத்தக் குடும்பத்தையும் கட்டி இழுத்த ஒரு பெண்ணின் கதை. "குந்தவை இல்லாட்டி சோழ ராஜ்யம் அந்த வருஷமே ஏலத்துக்கு வந்திருக்கும்" என்பது அவள் கட்சி. வந்தியத்தேவன்மீது அவளுக்கு அத்தனை அபிப்பிராயம் இல்லை. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டில் அவன் பெயர் எப்படி வருகிறது என்று சித்தப்பாவே ஒருநாள் உணர்ச்சிவசப்பட்டு விளக்கினார். குந்தவையைக் குறிப்பிடும் இடத்தில், வல்லவரையர் வந்தியத்தேவரின் தேவியார் என்று வருகிறதாம்.

"அப்படின்னா தானம் குடுத்தது அவ. அவளைச் சொல்லப் போக இவன் பேரும் கல்லுல ஏறிடுச்சு" என்றாள் சித்தி. அன்று சித்தப்பா காபி கேட்கவில்லை.

வருஷத்துக்கு ஒருமுறை வேன் எடுத்துக்கொண்டு சோழ நாட்டு யாத்திரை உண்டு. முதல் நிறுத்தம் வீராணம். கதை தொடங்குவது அந்த ஏரிக்கரையில், ஓர் ஆடிப்பெருக்கு நாளில். இவர்கள் போவது மே மாதம், பேரப்பிள்ளைகளின் லீவில். புது வெள்ளம் இருக்கவேண்டிய இடத்தில் வெடித்த சேறும் நாலைந்து மாடுகளும் இருக்கும்.

"இங்கதான்யா குதிரையை நிறுத்தினான்!" என்று கூவுவார் சித்தப்பா.

"ஆக்சிடென்ட் எதுனா ஆச்சுங்களாய்யா?" என்பார் வேன் டிரைவர். "இது மெட்ராசுக்குத் தண்ணி போற ஏரி. ரோடு கொஞ்சம் குறுகலுங்க."

அடுத்து மேலக்கடம்பூர். அங்கே தேர் வடிவில் கட்டிய கோயில் இருக்கிறது, சம்புவரையர் மாளிகைதான் இல்லை. பிறகு கும்பகோணத்தைத் தாண்டிப் பழையாறை. அரண்மனையை எதிர்பார்த்துப் போனால் சோமநாதர் கோயிலும் வயலும் வாழையும் இருக்கும். சித்தப்பா சளைக்கமாட்டார். யாருடைய வாழைத் தோட்டத்துக்குள்ளோ இறங்கி, கையை அகல விரித்து, "இது மொத்தமும் அரண்மனை இடம்" என்று பிரகடனம் செய்வார். ஒருமுறை தோட்டக்காரர் வீட்டுக்கு ஓடிப்போய்ப் பட்டா, சிட்டாவோடு வந்துவிட்டார். குந்தவை யார் என்று விளக்கி அவரைச் சமாதானப்படுத்தி, அவரையே ரசிகராக்கி, ஒரு சீப்புப் பழத்தோடு திரும்பியது சித்தப்பாவின் ராஜதந்திரம்.

2022 செப்டம்பர் 30 அன்று 'பொன்னியின் செல்வன்' படம் வந்தபோது அவர் பட்ட பாட்டைச் சொல்லி முடியாது. எம்.ஜி.ஆர். எடுக்க நினைத்து நடக்காமல் போனதை மணிரத்னம் எடுத்துவிட்டார். ஆனால் எடுக்கவேண்டியதே இல்லை என்பது சித்தப்பாவின் கட்சி, மணியம்தான் எல்லோருடைய முகத்தையும் எப்போதோ வரைந்து முடித்துவிட்டாரே. தியேட்டரில் "புத்தகத்துல இப்படி இல்லை" என்று அவர் முணுமுணுத்ததற்கு முன்வரிசையிலிருந்து எழுந்த குரல், "பெருசு, புத்தகம் வீட்ல இருக்கும், அங்க போய்ப் படி" என்றது. அடுத்த ஏப்ரலில் இரண்டாம் பாகம் வந்தது. முதல் நாளே போய் வந்தார். முணுமுணுக்காமல் பார்த்தாராம். வீட்டுக்கு வந்து எழுதிய குறைப்பட்டியல் இரண்டு முழுத்தாள் வந்தது.

இத்தனை பித்து எதனால்? சோழர் பெருமை என்று அவர் சொல்வதை நம்பவேண்டாம். சோழர் பெருமையைத் தெரிந்துகொள்ளக் கல்வெட்டு போதும். அதில் இருப்பது நிலத்தின் எல்லை, வரியின் அளவு, நந்தா விளக்கு ஒன்றுக்கு 96 ஆடு என்ற கணக்கு. ராஜராஜன் சிரித்தானா, யாரையாவது பார்த்துத் தடுமாறினானா என்று ஒரு கல்லும் சொல்லாது. நந்தினி என்ற பெண் எந்தக் கல்லிலும் இல்லை, பூங்குழலியும் இல்லை. அந்த வெற்றிடத்தில்தான் கல்கி புகுந்தார்.

புகுந்தவர் செய்த பெரிய காரியம் ஒன்று உண்டு. புத்தகத்தின் பெயர் ராஜகுமாரன் அருள்மொழியுடையது, கதையில் நாம் ஏறிப் போகும் குதிரையோ வேறொருவனுடையது. வந்தியத்தேவன் யார்? நாட்டை இழந்த குலத்துப் பிள்ளை. கையில் காசு கிடையாது. காஞ்சியிலிருந்து ஓர் ஓலையைச் சக்கரவர்த்தியிடமும் இன்னோர் ஓலையை இளவரசியிடமும் சேர்ப்பிக்க வேண்டும், அவ்வளவுதான் அவனுடைய உத்தியோகம். சுருங்கச் சொன்னால் தபால் அனுப்பும் பிரிவு! அப்படிப்பட்டவனுக்கு வழியெல்லாம் சதி தெரிகிறது, கோட்டைக் கதவு திறக்கிறது, ராஜ்யமே அவன் மடியில் இருக்கும் ஓலையை நம்பி நிற்கிறது, கடைசியில் இளவரசி அவனைத் திரும்பிப் பார்க்கிறாள். முப்பது சொச்சம் வருஷம் உறைகளுக்குள் என்ன இருக்கிறதென்றே தெரியாமல் முத்திரை குத்தி அனுப்பிய மனிதர் இந்தக் கதையை விடுவாரா? அருள்மொழியைப் பார்த்து அவர் கும்பிடுவார், ஆனால் கூடவே குதிரையில் போவது வந்தியத்தேவனோடுதான்.

கேலி செய்ய நிறைய இருக்கிறது, செய்யலாம். ஆனால் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். கல்வெட்டைப் படித்துவிட்டு நாவலுக்கு வந்தவர்கள் குறைவு. நாவலைப் படித்துவிட்டுக் கல்வெட்டைத் தேடிப் போனவர்கள் ஏராளம். ஆள் நடமாட்டமில்லாத எத்தனையோ சோழர் கோயில்களில் இன்று யாராவது செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுச் சுவரை அண்ணாந்து பார்க்கிறார்கள் என்றால், அதில் பாதிப் புண்ணியம் சித்தப்பாக்களுக்குச் சேரும்.

ஆகவே உங்கள் தெருச் சித்தப்பாவைக் கண்டால் ஓடி ஒளியாதீர்கள். "கரிகாலனைக் கொன்னது யாருங்க?" என்று ஒரு கேள்வி போதும், காபி வரும், சித்தி வந்து உண்மையான பதிலையும் சொல்வாள். புத்தகத்தை மட்டும் இரவல் கேட்காதீர்கள். அது கடையில் விலைக்குக் கிடைக்கிறது.