ராக்கெட்டும் ரொக்கமும்

கேள்வி: டென்னிஸ்தான் என் வாழ்க்கை என்கிறான் மகன். அந்த ஆட்டம் சோறு போடுமா?
– ஒரு வாசகர், விருத்தாசலம்

பதில்: உலகத் தரவரிசையில் முதல் நூறு பேருக்கு விருந்தே போடும். 2025 விம்பிள்டனில் ஒற்றையர் முதல் சுற்றிலேயே தோற்றவருக்கு 66,000 பவுண்டு. தோற்றதற்கு! ஆனால் அடிமட்டத்து எம்15 போட்டியில் மொத்தப் பரிசே 15,000 டாலர்தான். அதை எல்லோரும் பங்கு போட வேண்டும். விமான டிக்கெட், லாட்ஜ் வாடகை, கோச் சம்பளம், ராக்கெட்டுக்கு நரம்பு கட்டும் கூலி எல்லாம் கைக்காசு.

நம் ராமநாதன் கிருஷ்ணன் 1960, 1961 இரண்டு ஆண்டும் விம்பிள்டன் அரையிறுதி வரை போனார். பரிசுப் பணம்? பூஜ்யம். அப்போது அங்கே அமெச்சூர்கள் மட்டும்தான் ஆடலாம். தொழில்முறைக்கு வரச் சொல்லி, அந்த ஆட்டங்களை நடத்திவந்த ஜாக் கிரேமர் கூப்பிட்டார். போயிருந்தால் டேவிஸ் கோப்பையில் இந்தியாவுக்காக ஆடியிருக்க முடியாது. மறுத்துவிட்டார். இன்று எந்த அப்பா சம்மதிப்பார்?

உங்கள் ஊர் பீங்கான் சூளையைத் திறந்தால் தேறியது எது, விரிந்தது எது என்று உடனே தெரிந்துவிடும். டென்னிஸில் அது தெரியப் பையனுக்கு 25 வயதாகிவிடும். ஆடட்டும், தடுக்காதீர்கள், டிகிரியையும் முடிக்கச் சொல்லுங்கள். கிருஷ்ணனே லயோலா கல்லூரி மாணவர்தான்.