கஜானாவோடு கம்பி நீட்டியவர் பரம்பரை

ராஜா ஆவதற்குக் குலம், கொடி, வீரம் எல்லாம் வேண்டும் என்பது பிற்பாடு சேர்க்கிற மசாலா. முதலில் வேண்டியது பணம். வங்காளத்தை ஆண்ட தாவூத் கான் கர்ரானி அக்பரின் படையிடம் உதை வாங்கிக்கொண்டிருந்தபோது, அவரிடம் வேலை பார்த்த ஸ்ரீஹரி அரசுக் கஜானாவை மூட்டை கட்டிக்கொண்டு சுந்தரவனச் சதுப்புப் பக்கம் கம்பி நீட்டினார். துரத்திப் போக யாருக்கும் தைரியமில்லை. அங்கே புலி உண்டு. போய்ச் சேர்ந்ததும் தனக்குத் தானே விக்ரமாதித்தன் என்று பட்டம் சூட்டிக்கொண்டார். வேதாளம் மகனாக வந்து பிறந்தது. அவர்தான் ஜெஸ்ஸோர் ராஜா பிரதாபாதித்யன்.

இவருக்கு வசந்த ராய் என்று ஒரு சித்தப்பா. கொல்கத்தாவின் காளிகாட்டில் காளிக்கு முதல் கோயில் எழுப்பியது அவர்தான் என்று ஒரு கதை. இல்லை, அக்பரின் தளபதி மான்சிங் என்று இன்னொரு கதை. இப்போது நிற்பது 1809இல் சாபர்ண ராய் சௌத்ரி குடும்பத்தார் உபயம். புண்ணியவான் சித்தப்பாவை அண்ணன் மகன் வெட்டிப்போட்டார். பங்காளித் தகராறு. சித்தப்பாவின் பிள்ளை ஒருவன் மட்டும் சேப்பங்கிழங்குத் தோட்டத்துக்குள் ஒளிந்து தப்பித்தானாம். அந்தக் கிழங்கின் பெயரே ஒட்டிக்கொள்ள, சரித்திரத்தில் அவன் கச்சு ராய். உயிரைக் காப்பாற்றியது வாளா, கேடயமா? சேம்பு இலை!

இப்படி வெட்டிப்போடுவது வங்காளத்துக்கு மட்டும் உரிய கெட்ட பழக்கம் என்று நினைக்க வேண்டாம். 493இல் ராவென்னாவில் ஆஸ்த்ரோகாத்துகளின் ராஜா தியோடரிக் சமாதானம் பேசி, விருந்தில் வைத்தே எதிரி ஓடவேக்கரைத் தன் கையால் வெட்டினார். ஜெர்மானியப் பாணர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? கொன்றவரையே நாடிழந்த அப்பாவியாக்கி, ஹூணர் தலைவன் அட்டிலாவிடம் அடைக்கலம் போகவைத்தார்கள். அட்டிலா செத்தது 453இல். தியோடரிக் பிறந்ததே அதையொட்டித்தான். பாணருக்கு வேண்டியது பரிசில், பஞ்சாங்கம் அல்ல.

பாரதசந்திர ராயும் அதே ரகம்தான். 1752இல் அவர் பாடிய ‘அன்னதாமங்கல்’ காவியத்தில் மான்சிங் வந்து பிரதாபாதித்யனைப் பிடித்துக் கூண்டில் அடைக்கிறார். கவிஞருக்குப் படியளந்த கிருஷ்ணநகர் ராஜாவின் முன்னோர் பவானந்தர், அந்த மான்சிங்குக்கு உதவியவராம். மான்சிங் வராவிட்டால் முப்பாட்டனாருக்கு அங்கே என்ன வேலை? நம்ம ஜெயங்கொண்டாராக இருந்தால் காளியின் பேய்களுக்குக் கூழும் காய்ச்சி ஊற்றியிருப்பார். நடந்தது வேறு. சுபேதார் இஸ்லாம் கான் அனுப்பிய மொகலாயப் படை 1612 வாக்கில் பிரதாபாதித்யனைத் தோற்கடித்தது. உடன் போன மிர்ஸா நாதன் எழுதிவைத்த பாரசீகச் சுவடி பாரிஸ் நூலகத்தில் தூங்கிக்கொண்டிருந்ததை ஜதுநாத் சர்க்கார் கண்டெடுத்தார். அதில் நம் வீராதிவீரர் தாமே போய்ச் சரணடைகிறார்.

அந்தச் சுவடி வெளிச்சத்துக்கு வருமுன்பே அவருக்கு விழா எடுத்தாகிவிட்டது. வங்காளி என்றால் தொடைநடுங்கி என்று வெள்ளைக்காரன் கேலி பேசிய காலம். 1903இல் சரளாதேவி சௌதுராணி கொல்கத்தாவில் வாள்வீச்சு, சிலம்பம், குஸ்தியோடு பிரதாபாதித்ய உற்சவம் நடத்தினார். தாகூர் அவருக்குத் தாய்மாமா. 1883லேயே தன் நாவலில் பிரதாபாதித்யனைக் கொடுமைக்காரனாக எழுதியவர். சித்தப்பாவைக் கொன்றவனுக்கு மருமகள் விழா எடுத்ததை மாமா ரசிக்கவில்லை. எந்த மாமாதான் ரசிப்பார்?

காளிகாட் பட்டுவா ஓவியர்களிடம் இந்தக் குழப்பமெல்லாம் கிடையாது. யாத்ரீகர்களுக்கு மலிவாக விற்ற படங்களில் ஜான்சி ராணி குதிரையில் வருவார். மீசை முறுக்கிய பாபுவை அவன் மனைவி துடைப்பத்தால் விளாசுவாள். வீரம் எங்கே இருக்கிறது என்று அவர்களுக்குத் தெரிந்திருக்கிறது.

கடைசியில் லாபம் யாருக்கு? பிரதாபாதித்யனிடம் கணக்கு வழக்கு பார்த்த லக்ஷ்மிகாந்தருக்கு. காளிகாட்டில் பிறந்து, தகப்பன் சாமியாராகப் போனதால் அநாதையாக வளர்ந்தவர். அந்தச் சாமியார் பின்னாளில் மான்சிங்குக்கே குருவாகிவிட, குருதட்சிணை மகனுக்கு 1608இல் ஜாகிராக வந்து சேர்ந்தது என்பது சாபர்ண ராய் சௌத்ரி குடும்பக் கதை. 1698 நவம்பர் 10ஆம் தேதி அவர் வாரிசுகள் சுதானுதி, கலிகாதா, கோபிந்தபூர் என்ற, பின்னாளில் கொல்கத்தாவான மூன்று கிராமங்களின் உரிமையைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்களுக்கு 1,300 ரூபாய்க்கு எழுதிக்கொடுத்தார்கள். கொல்கத்தாவை நிறுவியவர் ஜாப் சார்னாக் அல்ல என்று உயர் நீதிமன்றம் 2003இல் தீர்ப்புச் சொன்னதும் இதே குடும்பத்தார் போட்ட வழக்கில்தான்.