வடசென்னைக் குடும்பப்பெயர்கள்: ஒரு பூர்வாங்க ஆராய்ச்சி

தமிழர்க்குக் குடும்பப்பெயர் கிடையாது என்பது, கடவுச்சீட்டு விண்ணப்பத்தை வகுத்தவர்களும் அதை நிரப்பத் திணறுபவர்களும் ஒருங்கே ஒப்புக்கொண்டுவிட்ட சித்தாந்தமாகும். தகப்பனார் பெயரில் ஓரெழுத்தைப் பிடித்துத் தன் பெயருக்கு முன்னே நிறுத்திப் புள்ளி வைத்துவிட்டால் வம்ச விருத்தாந்தம் பூர்த்தியாயிற்று என்பது நமது கொள்கை. அவ்வெழுத்தும் தலைமுறைக்குத் தலைமுறை மாறிவிடுவதால், பாட்டனும் பேரனும் ஒரே கூரையின் கீழ் ஒரே பாயில் உறங்கினாலும் ஏட்டளவில் அவர்கள் அந்நியர்களே. ராயபுரத்திலிருந்து கப்பலேறுகிற இளைஞன், விண்ணப்பத்தின் அந்தப் பொல்லாத கட்டத்தைக் காலியாக விட அஞ்சித் தகப்பனார் பெயரை அதில் எழுதிவிடுகிறான். பிறகு ஏதோவொரு தூரதேசத்துத் துறைமுகத்தில் அதிகாரி "மிஸ்டர் முனுசாமி" என்று குரல் கொடுக்கும்போது, அப்பா இங்கே எப்படி வந்தார் என்று திடுக்கிட்டுக் கையிலிருக்கும் சிகரெட்டை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொள்கிறான்.

மேற்படி சித்தாந்தம் பிழையானது என்று நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கம். ராயபுரம் முதல் எண்ணூர் வரையிலான கடற்கரையில் குடும்பப்பெயர் உண்டு; அது பெயருக்குப் பின்னால் வராமல் முன்னால் வருகிறது, பெற்றோர் இடாமல் ஊரார் இடுகிறார்கள் என்ற இரண்டு காரணங்களால் மட்டுமே அது பண்டிதர்களின் பார்வைக்குத் தப்பிவிட்டது.

பிற தேசங்களின் நிலையை முதலில் நோக்குவோம். ஐஸ்லாந்து நாட்டினர் பெரும்பாலும் தந்தை பெயரோடு மகன் அல்லது மகள் என்னும் சொல்லைச் சேர்த்துக்கொள்பவர்கள். அவர்களுடைய தொலைபேசிப் புத்தகமே முதற்பெயர் வரிசையில் அமைந்தது. ஆகவே திருவொற்றியூர்க்காரனுக்கு இவ்விஷயத்தில் நெருங்கிய பங்காளி ஐஸ்லாந்துக்காரனே. துருக்கியரோ 1934ஆம் ஆண்டில் சட்டம் இயற்றிக் குடிமக்கள் அனைவரையும் குடும்பப்பெயர் சூடிக்கொள்ளச் செய்தார்கள். ஆனால் நமக்குப் பிரமாணமாக நிற்கத்தக்கவர்கள் பண்டைய ரோமாபுரியார். மகா வாக்கியான சிசரோவின் பெயருக்கு மூலமான லத்தீன் சொல்லுக்குக் கொண்டைக்கடலை என்பதே பொருள். முன்னோர் ஒருவரின் மூக்கு நுனியில் கடலையைப் போன்றதொரு பிளவு இருந்ததாம். அன்று தெருவில் எவனோ கேலியாகக் கூப்பிட்டது வம்சத்துக்கே நிலைத்துவிட்டது. அரசியலில் இறங்குமுன் இந்தப் பெயரை மாற்றிக்கொள்ளும்படி நண்பர்கள் கூறியதையும், சிசரோ மறுத்துவிட்டதையும் புளூடார்க் எழுதிவைத்திருக்கிறார். மெரினாவில் சுண்டல் தின்போர் இவ்வுண்மையைச் சிந்திப்பதில்லை.

இனி வடசென்னைக்கு வருவோம். இப்பிரதேசத்தில் பெயர்கள் மிக நெடுந்தூரம் பிரயாணம் செய்து வந்து இறங்கியவை. மீன்பிடிப்பவராயிருந்து அப்போஸ்தலரான பேதுருவை நம் கத்தோலிக்க முன்னோர் ராயப்பர் என்றார்கள். படகோட்டிகள் அவருக்குக் கோயில் எழுப்பிய இடம் ராயபுரம் ஆயிற்று. பேதுரு என்றால் பாறையாயிற்றே, ராயப்பரில் பாறை எங்கே என்று கேட்போர் உளர். அவர்களை நான் தவிர்த்து வருகிறேன். பவுலைச் சின்னப்பர் என்றதில் அத்தகைய சங்கடம் இல்லை, லத்தீனில் அச்சொல்லுக்குச் சிறியவர் என்றே அர்த்தம். எல்லாவற்றிலும் விசித்திரம் சவேரியார் கதை. அது அவருடைய பெயரே அன்று. ஸ்பெயின் தேசத்து நவார் பகுதியில் அவர் பிறந்த கோட்டையின் பெயர். பாஸ்க்கு மொழியில் அதன் பொருள் புதுவீடு. காசிமேட்டில் வாடகை வீட்டில் குடியிருக்கும் சவேரிகள் அத்தனை பேரும் பெயரளவில் புதுவீட்டுக்காரர்கள் என்பதை அவர்களுக்கு யாரேனும் அறிவித்தல் நலம்.

ஊர் மனிதனுக்குப் பெயராவதும், அம்மனிதன் வேறோர் ஊருக்குப் பெயராவதும் இக்கரையின் தனிப்பண்பு. இராமநாதபுரச் சீமையின் தொண்டிப் பகுதியிலிருந்து வந்த குணங்குடி மஸ்தான் சாகிபு தொண்டியார் என்று அழைக்கப்பட்டார். அவர் தங்கிய இடம் தொண்டியார்பேட்டை ஆயிற்று என்பது வழக்கு. வடக்கே திருவொற்றியூர்க் கடலோரத்தில் சமாதி கொண்டுள்ள பட்டினத்தாரும் காவிரிப்பூம்பட்டினத்தை உதறிவிட்டு வந்தவரே. திருவெண்காடர் என்ற இயற்பெயரை மறந்துவிட்ட உலகம், அவர் துறந்த ஊரைக்கொண்டே அவரை அழைக்கிறது. இருவரும் துறவியர், இருவரும் கவிகள், ஆயினும் எதைத் துறந்தார்களோ அதுவே விலாசமாயிற்று.

தொழிலால் பெயர் அமைவதற்கும் உள்ளூரிலேயே சான்று உண்டு. ராயபுரத்தில் 1910ஆம் ஆண்டில் திறக்கப்பட்ட பார்சிகளின் அக்கினி ஆலயம், கிளப்வாலா என்ற குடும்பப்பெயர் கொண்ட தனவந்தர் மறைந்த தம் புதல்வனின் ஞாபகமாக அளித்தது. கிளப் என்னும் ஆங்கிலச் சொல்லும் வாலா என்னும் விகுதியும் கைகோத்து ஒரு வம்சத்தைச் சுமந்து நிற்பது கண்டு வியப்போர், கிரேன் மணி, வலை மணி, கட்டை மணி என்று ஒரே தெருவில் மூன்று மணிகள் ஒருவருக்கொருவர் இடறாமல் வாழ்வதைக் கண்டு வியவாதது ஏனோ?

ஏட்டறிவு மட்டும் போதாது என்பதால் கள ஆராய்ச்சியும் செய்தேன். உண்மையில், என் தங்கை மகளின் கல்யாணப் பத்திரிகையைக் கொடுக்கக் காசிமேட்டுக்குப் போயிருந்தேன். உறையின்மேல் "து. கன்னியப்பன்" என்று எழுதியிருந்தது. தெரு முனையில் அன்னக்கூடை நிறைய நெத்திலியை வைத்துக்கொண்டு, தலையைக் கிள்ளி எறிந்துகொண்டிருந்த மூதாட்டி நிமிர்ந்து பார்த்தாள்.

"இன்னா நைனா, யாரைத் தேடுறே?"

"கன்னியப்பன் வீடு எது ஆயா?"

"கன்னியப்பனா? இந்தத் தெருவுல அப்டி யாரும் இல்லியே. இன்னா வேலை செய்றாரு?"

"மோட்டாருக்குக் காயில் கட்டுவார்."

"அட, நம்ம ஐஸு! அப்டி சொல்லேன். என் தங்கச்சி மவன்தான்."

சொந்தப் பெரியம்மாவுக்கே ஞாபகமில்லாத ஒரு பெயரைத்தான் ரேஷன் அட்டை முப்பது ஆண்டுகளாகக் கட்டிக் காத்து வந்திருக்கிறது. விசாரித்ததில், அவர் சிறுவயதில் ஒரே ஒரு மழைக்காலம் மீன்பிடித் துறைமுகத்தில் ஐஸ் பார் தள்ளியவர் என்று தெரிந்தது. ஐஸ் கரைந்து எத்தனையோ காலம் ஆகியும் பெயர் கரையவில்லை. இங்கிலாந்தில் ஸ்மித் என்று பெயர் கொண்டவரெல்லாம் இன்று இரும்பு அடிக்கிறார்களா என்ன?

அடுத்து நேர்ந்ததுதான் முக்கியம். சைக்கிளில் சென்ற பையன் ஒருவனைப் பார்த்து ஆயா கூவினாள்: "டேய் ஐஸு மவனே, உங்கப்பாரு வூட்ல கீறாரா பாரு!" பட்டப்பெயர் தந்தையிடமிருந்து மகனுக்கு இறங்குகிறதே, அந்த சுபமுகூர்த்தத்தை, ரோமாபுரியில் எந்த வரலாற்றாசிரியனும் பக்கத்தில் நின்று பார்த்திராத அக்கணத்தை, நெத்திலிச் செதில் ஒட்டிய செருப்போடு நான் நேரில் கண்டேன்.

பத்திரிகையைக் கொடுத்துவிட்டுத் திரும்புகையில், எதிர்வீட்டுப் பெண்மணி யார் வந்துவிட்டுப் போவது என்று ஆயாவைக் கேட்பது காதில் விழுந்தது. "பத்திரிகைக்காரரு" என்றாள். சென்ற மாதம் அவ்வழியே போனபோது, முன்பின் அறியாத ஒருவர் டீக்கடையிலிருந்து அதே பெயரைச் சொல்லி எனக்கு வணக்கம் வைத்தார். நான் கட்டுரை எழுதிப் பிழைப்பவன் என்பது அத்தெருவில் ஒருவருக்கும் தெரியாது. எனினும் இப்பெயரின் மூலத்தை நாளை ஆராயப்புகும் அறிஞர், கல்யாணப் பத்திரிகையை அறவே மறந்து, என் தொழிலைக் காரணமாகக் காட்டி, தக்க ஆதாரங்களுடன் நூல் எழுதுவார்.