கப்பலும் தோரணவாயிலும்

இரு நாட்டு உறவு மேலும் வலுவடைந்தது என்று செய்தியில் வாசிக்கும்போதெல்லாம் எனக்குக் கப்பல்தான் நினைவுக்கு வருகிறது. கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸ் இரயில்வே குவார்ட்டர்ஸில் என்னோடு வளர்ந்தவர்களுக்கு இது விளங்கும். டில்லியும் கோலாலம்பூரும் என்ன பேசிக்கொள்கின்றன என்பது எங்களுக்குத் தூதர்களின் கவலையாக இருந்ததே இல்லை. அது வீட்டுக் கவலை, ஊரில் இருக்கும் பாட்டிக்குப் பணம் போய்ச் சேருமா, அத்தைக்குப் பார்த்திருக்கும் மாப்பிள்ளைக்கு இங்கே வர அனுமதி கிடைக்குமா, ஏரோகிராம் ஏன் இத்தனை நாளாக வரவில்லை என்கிற கவலை. அப்போது எங்கள் தெருவின் பெயரே பிரிக்பீல்ட்ஸ் ரோடு. துன் சம்பந்தன் சாலை என்று பிற்பாடுதான் ஆனது.

அந்தத் தெருவின் முடிதிருத்தும் கடையில் காலை பசியாறி முடித்த கையோடு ஐந்தாறு பேர் கூடிவிடுவார்கள். ‘தமிழ் நேசன்’ ஒன்றே ஒன்றுதான் இருக்கும். எழுத்துக் கூட்டத் தெரிந்தவர் உரக்க வாசிப்பார், தெரியாதவர்கள் அவரைவிடக் கூர்மையாகக் கேள்வி கேட்பார்கள். முகத்தில் சோப்பு நுரையோடு உட்கார்ந்திருப்பவரும் கத்தி கன்னத்தைவிட்டு எடுபடும் இடைவெளியில் தன் கருத்தைச் சொல்லிவிடுவார். சுகர்னோ மலேசியாவை நசுக்குவோம் என்று முழங்கிய காலத்தில் ஜகார்த்தாவைப் பற்றியும், 1965இல் இந்தியாவும் பாகிஸ்தானும் மோதிக்கொண்டபோது ஐ.நா. பாதுகாப்பு மன்றத்தைப் பற்றியும் பள்ளிப் புத்தகத்தில் வருவதற்கு முன்பே நான் அந்தக் கடை பெஞ்சில் தெரிந்துகொண்டேன். அந்த மன்றத்தில் மலேசியாவின் குரலாக அப்போது இருந்தவர் ராதாகிருஷ்ண ரமணி, கோலாலம்பூரில் பேர்பெற்ற வழக்கறிஞர், இந்திய வம்சாவளியினர். அவர் அங்கே பேசியது இந்தியாவுக்குச் சாதகமாக இருக்கிறது என்று சினந்து பாகிஸ்தான் அந்த ஆண்டு அக்டோபரில் மலேசியாவோடு தூதரக உறவையே முறித்துக்கொண்டது. மறு ஆண்டில்தான் அது சீரானது. எங்கள் கடையில் இரண்டு கட்சி. நம்மவர் ஒருவர் உலக சபையில் எழுந்து நின்றாரே என்று பூரித்தவர்கள் ஒரு பக்கம். அவர் மலேசியாவின் தூதர், அவரை இந்தியாவின் ஆளாகப் பார்ப்பது அவருக்கே நாம் செய்யும் தீங்கு என்று வாதாடியவர்கள் மறுபக்கம். என் தந்தை இரண்டாவது கட்சி.

அதற்கு மூன்றாண்டுகளுக்கு முன்னால், 1962இல் சீனா இந்திய எல்லையில் படை நடத்தியபோது, நம் பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மானே ஜனநாயகத்தைக் காக்கும் நிதி என்று ஒன்றைத் தொடங்கி இந்தியாவுக்காகப் பணம் திரட்டினார். அந்த நிதிக்குக் கொடுத்ததை என் தந்தை கடைசிவரை பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார். அதே நாட்டின் இன்னொரு பிரதமர், துன் மகாதீர், 2019இல் ஐ.நா. பொதுப்பேரவையில் காஷ்மீரைப் பற்றிப் பேசியதும், இந்திய வியாபாரிகள் நம் செம்பனை எண்ணெயை வாங்கத் தயங்கியதும், 2020 ஜனவரியில் சுத்திகரித்த எண்ணெய் இறக்குமதிக்கு டில்லி கட்டுப்பாடு போட்டதும் நேற்று நடந்ததுபோல் இருக்கிறது. என்னிடம் அப்போது கைப்பேசி இருந்தது, நிமிடத்துக்கு நிமிடம் செய்தி வந்தது. எதிர்க்கட்சி பேச அந்தப் பெஞ்சுதான் இல்லை. ‘தமிழ் நேசன்’கூட 1924 முதல் வந்துகொண்டிருந்துவிட்டு, 2019 ஜனவரியோடு நின்றுபோயிருந்தது.

தலைவர்களைப் பார்ப்பதும் அப்போது வேறு மாதிரி. 1968இல் இந்திரா காந்தி வந்தபோது சாலையோரக் கூட்டத்தில் நெருக்கியடித்து நின்று, கடந்துபோன காரின் கண்ணாடிக்குள் ஒரு கை அசைந்ததை மட்டும் கண்ட பையன், வாரக்கணக்கில் அதையே பேசிக்கொண்டு திரிந்தான். அவனை நினைத்தால் இன்றும் எனக்குப் பிரியமாக இருக்கிறது. 2010 அக்டோபரில் இரு நாட்டுப் பிரதமர்கள் மன்மோகன் சிங்கும் நஜிப்பும் சேர்ந்து எங்கள் பிரிக்பீல்ட்ஸை லிட்டில் இந்தியா என்று திறந்துவைத்தார்கள், யானைச் சிலைகளோடு நீரூற்று வந்தது, வளைவுகளுக்கு வண்ணம் வந்தது. 2015 நவம்பர் 23ஆம் தேதி மோடி வந்து, இந்தியாவின் அன்பளிப்பாகச் சாஞ்சி தூபியின் வாயிலைப் போலவே கட்டிய தோரணவாயிலைத் திறந்தார். அழகான வாயில், அந்தக் கல்வேலையை எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுப்பதில்லை. ஆனால் திறப்பு நாளன்று கெடுபிடி தாங்காமல், பிறந்த தெருவில் நடந்ததை நான் வீட்டில் உட்கார்ந்து தொலைக்காட்சியில்தான் பார்த்தேன்.

இனி கப்பல். கிள்ளான் துறைமுகம் அப்போது போர்ட் சுவெட்டன்ஹாம். போர்ட் கிள்ளான் என்று பெயர் மாறியது 1972இல். ‘ரஜூலா’ வருகிற நாளில் பிரிக்பீல்ட்ஸிலிருந்து ரயில் ஏறி, குடும்பம் குடும்பமாகப் போவோம். 1926இல் கட்டிய அந்தக் கப்பல் சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு என்று நின்று நின்று, ஏறக்குறைய ஒரு வாரம் கடலில் கிடந்து இங்கே வந்து சேரும். எழுபதுகளில் அதன் இடத்துக்கு ‘சிதம்பரம்’ வந்தது. வருகிறவர்களின் டிரங்குப் பெட்டியில் வடகமும் புளியும் கருவாடும், போகிறவர்களின் பெட்டியில் கோடாலித் தைலமும் மைலோ டின்னும் கைலியும் டார்ச் லைட்டும் இருக்கும். பெட்டியின் மூடியில் வெள்ளைப் பெயிண்டால் பெயரும் ஊரும் எழுதுவது என் வேலை. மாவட்டப் பெயரில் எழுத்துப் பிழை வந்துவிடக்கூடாது என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு எழுதுவேன். மேல்தளத்துக்கு இடமில்லாதவர்கள் கீழ்த்தளத்தில் பாய் விரித்து, பக்கத்துப் பாய்க்காரரோடு உறவு கொண்டாடி, இறங்கும்போது சம்பந்தம் பேசி முடித்திருப்பார்கள். 1985 பிப்ரவரியில் நடுக்கடலில் தீப்பிடித்து, உயிர்களும் போய், ‘சிதம்பரம்’ பயணத்தை முடித்துக்கொண்டது. இப்போது விமானத்தில் நான்கு மணி நேரத்தில் சென்னை. 2023 டிசம்பர் முதல் இந்தியர்கள் விசா இல்லாமலே இங்கு வந்து போகலாம். என் பாட்டி இதைக் கேட்டிருந்தால் நம்பியிருக்க மாட்டார். அவர் சாகும்போது மகனைப் பார்க்க முடியாமல் போனதற்குக் கடலின் அகலம் மட்டுமே காரணமில்லை, காகிதமும் காரணம்.

அந்தக் காகிதத்தைப் பற்றித்தான் சொல்ல வேண்டும். என் தந்தையும் பெரியப்பாவும் ஒரே தாய்க்குப் பிறந்தவர்கள், ஒரே கப்பலில் வந்தவர்கள். நேரு 1946இல் மலாயா வந்தார். வெளிநாட்டு இந்தியர்கள் வாழும் நாட்டையே தாய்நாடாக ஏற்க வேண்டும் என்பது அவருடைய நிலை. என் தந்தை அதை வேதவாக்காக எடுத்துக்கொண்டு, மெர்டேக்காவுக்கு, அதாவது நாட்டின் விடுதலைக்குப் பிறகு, குடியுரிமைக்கு விண்ணப்பித்து நீல அடையாளக் கார்டு வாங்கினார். காப்பார் பக்கம் ரப்பர்த் தோட்டத்தில் பால் வெட்டிக்கொண்டிருந்த பெரியப்பாவுக்குப் படிவத்தை எடுத்துச் சொல்ல ஆளில்லை. குடியுரிமை இல்லாதவர்களின் சிவப்புக் கார்டோடு இருந்துவிட்டார். அது ஒரு பெரிய வித்தியாசமாக யாருக்கும் தோன்றவில்லை. 1969 மே 13 கலவரத்துக்குப் பிறகு, முந்தைய ஆண்டுச் சட்டத்தைக் கொண்டு, குடியுரிமை இல்லாதவர்கள் வேலை பார்க்கத் தனி அனுமதி வேண்டும் என்று அரசு நெருக்கியபோதுதான் அண்ணன் தம்பி இரண்டு நாட்டுக்காரர்கள் என்பது எங்களுக்கு உறைத்தது. அந்தக் காலகட்டத்தில் ஏறத்தாழ 60,000 இந்தியர்கள் நாடு திரும்பினார்கள் என்று வரலாற்று நூல்கள் குறிப்பிடுகின்றன. எங்கள் பெரியப்பா அவர்களில் ஒருவர்.

இலங்கை மலையகத் தமிழர்களையாவது 1964இல் பிரதமர்கள் சாஸ்திரியும் சிறிமாவோவும் மேசையில் உட்கார்ந்து பங்கு பிரித்தார்கள்: இந்தியாவுக்கு 5,25,000 பேர், இலங்கைக்கு 3,00,000 பேர், எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பார்க்கலாம் என்று. மனிதர்களை எண்ணிப் பிரித்த அந்த ஒப்பந்தத்தை நான் மன்னிக்கவில்லை. ஆனால் எங்கள் பெரியப்பாவுக்கு அப்படி ஓர் ஒப்பந்தம்கூட இல்லை. இரு நாடும் நட்பு நாடுகள், அணிசேரா நாடுகள், காமன்வெல்த் நாடுகள்; எந்த அறிக்கையிலும் ஒரு தோட்டத் தொழிலாளியின் வேலை அனுமதிக்கு ஒரு வரி ஒதுக்கப்படவில்லை. மே 13 நடந்து ஐந்தாண்டு கழித்து, 1974 மே மாதம், பிரதமர் துன் ரசாக் பெய்ஜிங் போய்ச் சீனாவோடு தூதரக உறவு தொடங்கிவிட்டு வந்தார். அன்றைய ஆசியான் நாடுகளில் வேறு யாரும் செய்யத் துணியாத காலத்தில் செய்த அரிய காரியம் அது. சீனத் தலைவரோடு அவர் கைகுலுக்கும் படம் அந்த ஆண்டுத் தேர்தல் சுவரொட்டியாகவும் ஆனது. என் சீன நண்பர்கள் அந்தப் படத்துக்குக் கீழே நின்று சிரித்தபோது நானும் சேர்ந்து சிரித்தேன், அந்த மகிழ்ச்சி பொய்யில்லை. தலைவர்கள் மனம் வைத்தால் கடல்கடந்த உறவு எவ்வளவு சீக்கிரம் மாறும் என்று கண்கூடாகக் கண்டேன். அப்போதுதான் பெரியப்பாவுக்காக நெஞ்சு அதிகமாக வலித்தது.

2024 ஆகஸ்டில் பிரதமர் அன்வார் டில்லி சென்றபோது உறவுக்கு இன்னும் பெரிய பட்டம் சூட்டினார்கள், விரிவான வியூகப் பங்காளித்துவம் என்று. அந்தப் பட்டத்தைவிட எனக்கு முக்கியமாகப் பட்டது அதே நாளில் கையெழுத்தான இன்னொரு ஆவணம்: தொழிலாளர்களை வேலைக்கு எடுப்பது, அமர்த்துவது, திருப்பி அனுப்புவது பற்றிய புரிந்துணர்வுக் குறிப்பு. பெரியப்பாவின் காலத்தில் இல்லாத அந்த ஒரு வரி, அரை நூற்றாண்டு பிந்தியாவது வந்திருக்கிறது.

நான் அன்றாடம் தேநீர் குடிக்கும் கடையில் புதுக்கோட்டைப் பக்கத்துப் பையன் ஒருவன் வேலை செய்கிறான். அந்தக் குறிப்பைப் பற்றி அவனிடம் சொன்னேன். மேசை துடைத்துக்கொண்டிருந்தவன் நிமிர்ந்து, “ஐயா, அதுல பாஸ்போர்ட் யாரு கையில இருக்கணும்னு போட்டிருக்காங்களா?” என்று கேட்டான். அவனுடையது முதலாளியின் அலமாரியில் இருக்கிறதாம்.

“அதுக்கு அந்தக் குறிப்பெல்லாம் வேண்டாம் தம்பி. 1966ஆம் வருஷத்துக் கடப்பிதழ்ச் சட்டம் இருக்கு. உன் கடப்பிதழை இன்னொருத்தர் பிடிச்சு வைக்கிறது இந்த நாட்டுல குற்றம்.”

“கேட்டா வேலை போயிடும்ங்கய்யா.”

தொழிற்சங்கத்தில் எனக்குத் தெரிந்த ஒருவர் இருக்கிறார், பெயரை வெளியில் சொல்லாமல் விசாரிப்பார். வாரக் கடைசியில் அவரைப் பார்க்கப் போகிறோம். பெர்மிட் முடிகிற தேதியையும் ஏஜென்டுக்குக் கொடுத்த பணத்தையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு வரச் சொல்லியிருக்கிறேன்.