கண் காட்டும், மூளை கதை சொல்லும்

கேள்வி: கடலில் உதிக்கும்போது பௌர்ணமி நிலா தாம்பாளம் மாதிரி இருக்கிறது. செல்போனில் எடுத்தால் புள்ளியாகிவிடுகிறது. போனை மாற்றிவிடவா?
– நாகப்பட்டினம் வாசகர்

பதில்: வேண்டாம், போன் உண்மை பேசுகிறது! அடிவானத்தில் இருந்தாலும் உச்சியில் இருந்தாலும் நிலா நம் கண்ணுக்குச் சுமார் அரை டிகிரி அகலம்தான். கையை நீட்டிச் சுண்டுவிரல் நகத்தால் மறைத்துப் பாருங்கள். இரண்டு நேரத்திலும் மறைந்துவிடும். இன்னொரு வேடிக்கை, உச்சிக்கு வரும் நிலா அடிவானத்து நிலாவைவிட நமக்கு 6,000 கி.மீ. வரை கிட்டே இருக்கிறது. ஆக, பெரிதாகத் தெரியும் நேரத்தில்தான் அது இம்மியளவு சிறியது.

பிறகு ஏன் பெரிதாகத் தெரிகிறது? நமக்கும் அடிவானத்துக்கும் நடுவில் மரம், வீடு எல்லாம் இருப்பதால், ‘இவ்வளவு தூரத்திலும் இப்படித் தெரிகிறதென்றால் பெரிதாகத்தான் இருக்கும்’ என்று மூளை கணக்குப் போடுகிறது என்பது ஒரு விளக்கம். உங்கள் ஊர்க் கடலில் மரம் ஏது, வீடு ஏது? அதனால்தான் அறிஞர்களின் வாதம் இன்னும் முடியவில்லை. கூச்சமில்லாவிட்டால் குனிந்து, கால்களுக்கு நடுவே தலைகீழாகப் பாருங்கள். பலருக்கு நிலா சுருங்கிவிடும்.

கேள்வி: ஒரு படத்தில், முனைகளில் சிறகு வைத்த இரண்டு கோடும் ஒரே நீளம் என்று ஸ்கேல் வைத்து அளந்துவிட்டேன். பிறகும் ஒன்று நீளமாகத் தெரிகிறதே?
– கரூர் வாசகர்

பதில்: 1889-ல் ஜெர்மனியின் முல்லர்-லயர் வெளியிட்ட படம் அது. முனைகளில் உள்ள சிறகுகள் வெளியே விரிந்தால் கோடு நீளும். உள்ளே மடங்கினால் குறுகும். நாம் யோசிக்கத் தொடங்கும் முன்பே மூளை நீளத்தை முடிவு செய்துவிடுகிறது. உங்கள் ஸ்கேலின் தீர்ப்பு அந்த இடத்துக்குப் போய்ச் சேர்வதே இல்லை.

1995-ல் எட்வர்ட் அடெல்சன் வரைந்த சதுரங்கப் பலகையும் இப்படித்தான். நிழலில் உள்ள ‘வெள்ளை’க் கட்டமும் வெளிச்சத்தில் உள்ள ‘கறுப்பு’க் கட்டமும் ஒரே சாம்பல் நிறம்! மற்ற கட்டங்களைத் தாளால் மறைத்தால்தான் நம்புவீர்கள். இதற்காக மூளையைத் திட்டாதீர்கள். நிழலைக் கழித்துவிட்டுப் பொருளின் நிறத்தைச் சொல்வது அதன் வேலை. அது இல்லையென்றால், மரத்தடியில் ஒதுங்கிய வெள்ளை மாட்டை நாம் ஊரெல்லாம் தேட வேண்டிவரும்.

கேள்வி: 2015-ல் செல்போனில் சுற்றிய கவுன் படத்தில் கவுனின் நிறம் எது என்று தங்கையோடு போட்ட சண்டை இன்னும் தீரவில்லை.
– விருதுநகர் வாசகி

பதில்: கவுன் நீலமும் கறுப்பும். ஆனால் வெள்ளையும் தங்கமும் கண்டவருக்குப் பார்வைக் கோளாறு எதுவும் இல்லை. நீலம் பாய்ந்த நிழலில் எடுத்த படம் என்று நினைத்த மூளை நீலத்தைக் கழித்தது. மஞ்சள் விளக்கடியில் என்று நினைத்த மூளை மஞ்சளைக் கழித்தது. தங்கையிடம் பேசுங்கள்.

கேள்வி: நம் சிற்பிகளுக்கு இதெல்லாம் தெரியுமா?
– கும்பகோணம் வாசகர்

பதில்: பக்கத்திலேயே தாராசுரம் இருக்க, என்னைக் கேட்கிறீர்களே! 12-ஆம் நூற்றாண்டு ஐராவதேஸ்வரர் கோயிலில் யானையும் காளையும் ஒரே தலையைப் பகிர்ந்துகொள்ளும் சிற்பம் உண்டு. ஓர் உடலைக் கையால் மறைத்தால் யானை, மற்றதை மறைத்தால் காளை. ஒரே உருவம் வாத்தாகவும் முயலாகவும் மாறித் தெரியும் ஜெர்மனியின் புகழ்பெற்ற வாத்து-முயல் படம் அச்சானது 1892-ல்தான்.

கேள்வி: என் கண்ணில் குறையில்லை என்கிறார் டாக்டர். ஓர் இடத்தில் பார்வையே கிடையாது என்கிறான் மகன். யாரை நம்ப?
– தென்காசி வாசகர்

பதில்: இருவரையும். பார்வை நரம்பு கண்ணைவிட்டு வெளியேறும் இடத்தில் ஒளியை உணரும் செல்கள் இல்லை. எல்லாருக்கும் அப்படித்தான். வெள்ளைத் தாளில் இடப்பக்கம் ஒரு கூட்டல் குறி, 8 செ.மீ. தள்ளி வலப்பக்கம் ஒரு புள்ளி. இடக்கண்ணை மூடி, வலக்கண்ணால் குறியை மட்டும் பார்த்தபடி தாளை மெல்லக் கிட்டே கொண்டுவாருங்கள். சுமார் 30 செ.மீ. தூரத்தில் புள்ளி காணாமல் போகும். அங்கே ஓட்டை எதுவும் தெரியாது, வெறும் வெள்ளைத் தாள்தான் தெரியும். சுற்றிலும் உள்ளதைப் பார்த்து மூளையே நிரப்பிக்கொண்டது அது.