சந்தா விமோசன நிர்ணயம்

தோற்றம் உள்ளவை யாவும் அழிவும் உடையன என்று தார்க்கிகர்கள் காலங்காலமாகச் சாதித்துவந்த கொள்கைக்கு, கைப்பேசிச் செயலியின் சந்தா என்னும் நூதன பதார்த்தம் தோன்றிய நாளிலிருந்து பெரிய சங்கடம் நேர்ந்திருக்கிறது. ஒரு ரூபாய் செலுத்தி ஏழு நாள் அநுபவித்துப் பாருங்கள் என்ற உபசார வார்த்தையோடு ஜனிக்கும் இப்பொருள், எட்டாம் நாள் விடியும்போது மாதம் முந்நூற்றுச் சொச்சம் ரூபாயாக விசுவரூபம் எடுத்து, சந்தாதாரர் அந்தச் செயலியின் பெயரையே மறந்து, அதைத் தாங்கிய கைப்பேசியையும் பேரனுக்குத் தானம் செய்துவிட்ட பின்னரும், அவருடைய வங்கிக் கணக்கில் மட்டும் ஆதியுண்டு அந்தமில்லை என்னும்படி விளங்குகிறது. இதன் இயல்பையும் இதிலிருந்து விடுபடும் உபாயத்தையும் முறைப்படி விசாரிப்பதே இக்கட்டுரையின் பிரயோஜனம். இதைப் படிக்க அதிகாரி யார் எனில், வங்கியிலிருந்து வந்த குறுஞ்செய்தியைப் பார்த்து "இது எதுக்கு?" என்று ஒரு முறையேனும் கேட்டவர் எவரோ அவர்.

ஆய்வுக்குரிய க்ஷேத்திரமாக மும்பையைக் கொண்டதற்குக் காரணம் உண்டு. நாட்டின் பணப் பரிவர்த்தனைக்கெல்லாம் விதி வகுக்கும் ரிசர்வ் வங்கி கோட்டைப் பகுதியில் இருக்கிறது. யூபிஐ என்னும் மகா யந்திரத்தை இயக்கும் என்.பி.சி.ஐ. பாந்த்ரா குர்லா வளாகத்தில் இருக்கிறது. அவ்வளாகத்திற்கும் தாராவிக்கும் நடுவே ஓடுவது மித்தி ஆறு. ஆகவே தாராவித் தமிழர் ஒருவர் தம் பணம் போன கோபத்தில் தலையை நிமிர்த்தினாரானால், அது போகும் வழியை அமைத்தவர்கள் வாழும் கண்ணாடிக் கட்டடங்கள் அக்கரையில் தெரியக்கூடும். நோயாளியும் வைத்தியரும் இப்படி எதிரெதிர்க் கரையில் வசிக்கும் பாக்கியம் வேறு ஊருக்கு வாய்க்கவில்லை.

சந்தா நம்மவர்க்குப் புதிதன்று. மாட்டுங்காவிலும் செம்பூரிலும் வந்து இறங்கிய தென்னாட்டார் முதலில் ஒரு பஜனை சமாஜத்தையும், அடுத்து ஒரு சங்கீத சபையையும் ஸ்தாபித்து, மூன்றாவதாகத்தான் வாடகைக்கு வீடு பார்த்தார்கள் என்று சொன்னால் அது மிகையே. ஆனால் பெரிய மிகையன்று. அந்த நாளில் சபைச் சந்தா என்பது ரசீதுப் புத்தகத்தோடு ஞாயிற்றுக்கிழமை காலையில் படியேறி வருவது. வந்தவர் செருப்பைக் கழற்றி, காப்பி குடித்து, சென்ற கச்சேரியில் மிருதங்கம் சற்றுத் தூக்கலாக இருந்ததைப் பற்றி அபிப்பிராயம் சொல்லிவிட்டுத்தான் பணம் கேட்பார். தொடர விருப்பமில்லாத சந்தாதாரர், தாம் வீட்டில் இல்லை என்று குழந்தையை விட்டுச் சொல்லச் சொன்னால் போதும். தாராவியில் சீட்டுப் பிடிக்கும் அக்காவும் வாசலுக்கு வந்து நின்று கேட்டால்தான் பணம். லோக்கல் ரயில் பாஸின் யோக்கியதையை என்னவென்று சொல்வது! தேதி முடிந்ததும் அது தானே உயிரை விட்டுவிடும். மறந்துபோய் ஏறியவர் டிசியிடம் அபராதம் கட்டியிருக்கலாமே ஒழிய, அவருடைய மறதியை முகாந்திரமாகக் கொண்டு ரயில்வே அவர் சட்டைப்பையில் கைவிட்டதாகச் சரித்திரம் இல்லை.

இவற்றையெல்லாம் ஒருங்கே நோக்கினால் ஓர் உண்மை புலப்படும். பழைய சந்தாவில் கொடுப்பவன் கை அசைந்தால்தான் பணம் நகரும். புதிய சந்தாவில் அவன் கை அசையாதவரை பணம் நகர்ந்துகொண்டே இருக்கும். மௌனம் சம்மதத்துக்கு அறிகுறி என்ற விதி நம் நாட்டில் பெண் பார்க்கும் வைபவத்தில் மட்டுமே, அதுவும் பெண்ணின் தகப்பனாருடைய சௌகரியத்திற்காக, அமலில் இருந்து வந்தது. அதை வியாபாரத்திற்கு விஸ்தரித்த பெருமை இக்காலத்தவரையே சாரும். அவ்விஸ்தரிப்பின் முதல் அவதாரம் காலர் ட்யூன். கைதவறி ஓர் எண்ணை அழுத்திய குற்றத்திற்காக, தமக்கே கேட்காத ஒரு சினிமாப் பாட்டுக்கு மாதந்தோறும் கப்பம் கட்டியவர்கள் ஏராளம். 2013-இல் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம் இரண்டு முறை சம்மதம் பெற்றாக வேண்டும் என்று கட்டளையிட்டதும், விடுதலைக்கென 155223 என்று ஓர் எண் இருந்ததும் இத்துறையின் வேதகாலச் செய்திகள்.

இனி, விடுபடும் உபாயத்தைக் குறித்து மும்பைத் தமிழரிடையே வழங்கும் மதங்கள் மூன்று.

முதலாவது மாட்டுங்கா அத்வைதம். செயலியும் சந்தாவும் ஒன்றே, பேதம் மாயை என்பது இவர்கள் பட்சம். செயலியின் சின்னத்தை விரலால் அழுத்திப் பிடித்து, எழும் பட்டியலில் நீக்கு என்பதைத் தொட்டு, திரையில் அது இருந்த இடம் வெறுமையானதைக் கண்ணாரக் கண்டு, மயில்கண் வேஷ்டியில் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்துவிடுவார்கள். பிரத்யட்சத்தைவிட வேறு பிரமாணம் வேண்டுமோ? அடுத்த மாதம் பணம் போன பின்னரும் இவர்கள் கொள்கையை விடாமல், "அதான் அன்னிக்கே டெலீட் பண்ணிட்டேனே" என்று வங்கிக் குமாஸ்தாவிடம் வாதிடுவதைக் காணலாம். இவர்கள் செய்தது உடலைத் தகனம் செய்தது மாத்திரமே. ஏழு கடல் தாண்டிக் கிளிக்குள் உயிரை ஒளித்துவைத்த அரக்கனைப் போல, சந்தாவின் பிராணன் செயலியில் இருப்பதே இல்லை. கூகுளின் பிளே ஸ்டோரிலோ ஆப்பிளின் கணக்கிலோ, அட்டைக்குரிய வங்கியில் பதிந்துவைத்த நிரந்தர ஆணையிலோ, 2020 ஜூலையில் அறிமுகமான யூபிஐ ஆட்டோபேயிலோ அது சுகமாக உட்கார்ந்திருக்கும்.

இதை அறிந்தவர்கள் செம்பூர் துவைதிகள். இரண்டும் முற்றிலும் வெவ்வேறு என்பது இவர்கள் சித்தாந்தம். அணு ஆராய்ச்சி நிலையத்திலும், மாஹூல் சுத்திகரிப்பு ஆலைகளிலும், உரத் தொழிற்சாலையிலும் கணக்கு எழுதி ஓய்வு பெற்ற மகான்கள் இம்மதத்தில் மிகுதி. இவர்கள் பரீட்சார்த்தச் சந்தாவில் சேர்ந்த அன்றே, சேர்ந்த கையோடு சந்தாவை ரத்து செய்துவிடுகிறார்கள். பெரும்பாலான செயலிகள் அதற்குப் பிறகும் ஏழு நாளும் வேலை செய்யும் என்பதைக் கண்டுபிடித்தது இம்மதத்தின் மகத்தான சாதனை. கல்யாணப் பந்தலில் நுழையும்போதே செருப்பைத் திரும்பிய வாக்கில் கழற்றி வைப்பவர்களின் வம்சத்தார் இவர்கள் என்று ஊகிக்க இடமுண்டு.

மூன்றாவது தாராவி சம்பிரதாயம், லோகாயதத்தைச் சார்ந்தது. "கணக்குல காசு கெடந்தாத்தானல எடுப்பான்? கெடக்கவே விடாத" என்பது தொண்ணூறு அடிச் சாலையில் கடை வைத்திருக்கும் திருநெல்வேலிப் பெரியவர் ஒருவர் தம் மருமகனுக்கு உபதேசித்த மூல சூத்திரம்.

"சம்பளம் அந்தக் கணக்குலதான மாமா விழுது? ஒண்ணாந்தேதி விழுந்த ஒடனே எடுத்துட்டாம்லா."

"அப்பம் வேற கணக்கு தொறயம்ல."

இந்த இரண்டாம் சூத்திரத்தில்தான் மதத்தின் சாரம் இருக்கிறது. சம்பளம் ஓரிடத்திலும், கைப்பேசிச் செலவு சில நூறு ரூபாய் மட்டுமே உள்ள வேறோரிடத்திலும் இருத்தல் வேண்டும். பண்டிதர்கள் இதை எளியோர் தந்திரம் என்று ஒதுக்கினாலும், நஷ்டத்திற்கு ஓர் எல்லை கட்டுகிற விஷயத்தில் மற்ற இரு மதங்களும் இதன் அருகே வரமாட்டா. குறை ஒன்றே: ஆணை சாகாமல் கிடந்து, ஒரு முறை கிடைக்காவிட்டால் மேலும் மூன்று முறைவரை முயன்று பார்க்க இயந்திரத்திற்கு அநுமதி உண்டு.

ஸ்மிருதிகளுக்கு வருவோம். ரிசர்வ் வங்கி 2019 ஆகஸ்ட் 21-இல் வெளியிட்டதும், 2021 அக்டோபர் 1 முதல் கண்டிப்பாக அமலுக்கு வந்ததுமான விதிப்படி, ஆணையைப் பதியும்போது ஓடிபி போன்ற கூடுதல் சரிபார்ப்பு வேண்டும். பணம் எடுப்பதற்கு 24 மணி நேரம் முன்னதாகவே அறிவிக்க வேண்டும். அந்த அறிவிப்பிலேயே விலகிக்கொள்ள வழி இருக்க வேண்டும். ஆரம்பத்தில் 2,000 ரூபாயாக இருந்த உச்சவரம்பு 5,000 ஆகி, 2022-இல் 15,000 ஆயிற்று. அதற்கு மேற்பட்ட சாதாரணச் சந்தாவுக்கு ஒவ்வொரு முறையும் ஓடிபி வேண்டும். விதி மிக நல்ல விதி. ஆனால் அந்த முன்னறிவிப்பு, கடன் வேண்டுமா என்று கேட்கும் பத்துச் செய்திகளுக்கும் கூரியர் செய்தி ஒன்றுக்கும் நடுவில், ஹார்பர் லைன் வண்டியில் ஒரு கையால் தொங்கிக்கொண்டிருப்பவரின் பையில் வந்து சேர்கிறது என்பதை விதி வகுத்தவர்கள் ஆராய்ந்ததாகத் தெரியவில்லை.

2023 நவம்பர் 30-இல் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் வெளியிட்ட வழிகாட்டுதல்களோ அலங்கார சாஸ்திரத்தின் தரத்தைச் சேர்ந்தவை. ஏமாற்று உத்திகளைப் பதின்மூன்றாக வகுத்து, ஒவ்வொன்றுக்கும் லட்சணமும், பலவற்றுக்கு உதாரணமும் கூறுகின்றன. விலகும் வழியை மறைத்தலும் சிக்கலாக்குதலும் சந்தாப் பொறி. "வேண்டாம், எனக்கு முன்னேற விருப்பமில்லை" என்று நம் வாயாலேயே சொல்லவைப்பது வெட்கப்படுத்தல். கேட்டதையே கேட்பது நச்சரித்தல். இவற்றுள் மூன்றாவதை, கல்யாண வயதில் பிள்ளைகளை உடைய எந்த வீட்டிலும் ஆணையம் தடை செய்ய முடியாது.

மேல்நாட்டு ஆதாரமும் ஒன்று தரலாம். அமேசான் தன் பிரைம் சந்தாவிலிருந்து விலகும் வழிக்கு உள்ளுக்குள் 'இலியட்' என்று நாமகரணம் செய்திருந்ததாக அமெரிக்க வர்த்தக ஆணையம் 2023-இல் தொடுத்த வழக்கில் கூறியது. 2025 செப்டம்பரில் 250 கோடி டாலருக்கு அவ்வழக்கு சமரசமாயிற்று. பத்து ஆண்டு முற்றுகையின் ஒரு பகுதியைப் பாடும் காவியத்தின் பெயரை ஒரு பொத்தானுக்கு வைத்த அந்த ஊழியர் யாராயினும், அவருடைய இலக்கிய ஞானத்தையும் நேர்மையையும் நாம் மெச்சத்தான் வேண்டும்.

பிரயோகம் வருமாறு. பிளே ஸ்டோரைத் திறந்து, வலது மேல்மூலையில் நம் முகம் உள்ள வட்டத்தைத் தொட்டு, பணமும் சந்தாவும் என்ற பகுதிக்குள் புகுந்து, அங்கே சந்தாக்கள் என்பதைத் தொட்டால், உயிரோடிருக்கும் சந்தாக்கள் வரிசையாக நிற்கும். உரியதைத் தொட்டு ரத்து என்றதும், ஏன் போகிறீர்கள் என்று ஒரு கேள்வி வரும். இங்கே மாட்டுங்காவார் பலர், கேட்டதற்குப் பதில் சொல்லாமல் போவது மரியாதையன்று என்று தயங்கி, விவரமாக எழுத உட்கார்ந்து, காப்பி வந்ததும் மறந்துவிடுகிறார்கள். பதில் கூற விருப்பமில்லை என்பதும் ஒரு பதிலாகவே அங்கே வைக்கப்பட்டிருக்கிறது. பிளே ஸ்டோரில் காணாவிடில், பணம் அனுப்பும் செயலியில் ஆட்டோபே என்ற பகுதியில் தேடுக. அங்கே யாருக்கு, எவ்வளவு வரை, எந்தத் தேதி வரை என்று நாம் கொடுத்த வாக்கெல்லாம் எழுதியிருக்கும். அங்கும் இல்லையேல் அட்டை கொடுத்த வங்கியின் தளம். அதன் பிறகும் பணம் போகுமானால் 1915 என்ற நுகர்வோர் உதவி எண்.

எஞ்சியது ஒரு சூட்சுமமான பிரச்சினை. ரத்து செய்தபின்னும், பணம் செலுத்திய காலம் முடியும்வரை செயலி பெரும்பாலும் இயங்கிக்கொண்டிருக்கிறது. ஞானம் பிறந்தபின்னும் பிராரப்தம் தீரும்வரை உடல் நிற்கும் என்று வேதாந்திகள் சொல்லும் ஜீவன்முக்த நிலை இதுவே என்பதில் மூன்று மதத்தாருக்கும் கருத்து வேற்றுமை இல்லை. அந்நாட்களில் செயலியைத் தொடலாமா என்பதில்தான் விவாதம். கொடுத்த காசுக்குக் கடைசி நிமிஷம் வரை பார்த்துத் தீர்க்க வேண்டும் என்பர் செம்பூரார். ரத்து என்ற பொத்தான் இருந்த இடத்தில் இப்போது மீண்டும் சேர்க என்ற பொத்தான் வந்து நிற்பதால், அந்தப் பக்கம் விரலே போகலாகாது என்பர் மாட்டுங்காவார். பின்னவர் கட்சிக்கு இதுவரை எழுந்துள்ள ஒரே ஆட்சேபம், பாதி பார்த்த தொடரை முடிக்க வேண்டிய அவர்கள் வீட்டுப் பெண்மணிகளுடையது. அதற்கு அவர்கள் தரப்பில் இன்னும் சமாதானம் சொல்லப்படவில்லை.