புற்றுக்கட்டியின் ஜெராக்ஸ் கணக்கு

ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், திண்டிவனம்: ‘ஜீன் டெஸ்ட்’ என்கிறார்களே, ஏஞ்சலினா ஜோலி எடுத்துக்கொண்டாரே, அதுதானே?

இல்லை சார். அவர் 2013-இல் வெளியில் சொன்னது பரம்பரையாக வந்த பி.ஆர்.சி.ஏ.1 மரபணுக் கோளாறு. அதைப் பிறந்த அன்றும் பார்க்கலாம், எண்பது வயதிலும் பார்க்கலாம், விடை மாறாது. இந்த முறை வந்து குவிந்திருக்கும் கேள்விகள் மரபணு வெளிப்பாடு பற்றியவை. மூலப்பத்திரத்தைப் பீரோவில் பூட்டி வைத்துவிட்டு, வேண்டிய பக்கத்தை மட்டும் ஜெராக்ஸ் எடுத்து வேலையைப் பார்க்கிறோம் இல்லையா? டி.என்.ஏ. மூலப்பத்திரம், ஆர்.என்.ஏ. ஜெராக்ஸ். உங்கள் கல்லீரல் செல்லிலும் கண் செல்லிலும் இருப்பது அதே சுமார் 20,000 மரபணுக்கள்தான். எதை எத்தனை பிரதி எடுக்கிறது என்பதில்தான் ஒன்று கல்லீரலாகவும் மற்றது கண்ணாகவும் இருக்கிறது. புற்றுச் செல் எந்தப் பக்கத்தை விடாமல் பிரதி எடுத்துத் தள்ளுகிறது, எதைத் தொடுவதே இல்லை என்று எண்ணுவதுதான் இந்தப் பரிசோதனை.

கல்லூரி மாணவி, மதுரை: இதை முதலில் எண்ணியவர் யார்?

ஆயிரக்கணக்கான மரபணுக்களை ஒரே நேரத்தில் எண்ணலாம் என்ற நிலைக்கு வழி திறந்தது, 1995-இல் ஸ்டான்ஃபோர்டில் பாட்ரிக் பிரவுனின் ஆய்வகம் கண்ணாடித் தகட்டில் செய்து காட்டிய மைக்ரோஅரே. (அதே பிரவுன்தான் பிற்பாடு இம்பாசிபிள் ஃபுட்ஸ் தொடங்கி மாமிசமில்லாத பர்கர் விற்றார். மனிதருக்குச் சும்மா இருக்க வராது.) 1999-இல் டாட் கோலப் குழு 38 ரத்தப் புற்றுநோயாளிகளின் எலும்பு மஜ்ஜையை எடுத்து, ஆளுக்கு 6,817 மரபணுக்களைப் பார்த்தது. அவற்றில் 50 போதும், நோய் லிம்ஃபாய்ட் வகையா மைலாய்ட் வகையா என்று சொல்லிவிட. இரண்டுக்கும் கீமோ மருந்துகள் வேறு. மாற்றிக் கொடுத்தால் குணமாகும் வாய்ப்பு குறையும். ஆனால் அந்த இரண்டு வகையையும் டாக்டர்கள் ஏற்கெனவே பிரித்துவைத்திருந்தார்கள். விடைத்தாளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு எழுதிய பரீட்சை அது. மறு வருடம், 2000-இல், மைக்ரோஸ்கோப்பில் ஒரே மாதிரி தெரிந்த ஒரு லிம்ஃபோமாவை மரபணுக் கணக்கு இரண்டாகப் பிரித்தது. ஒரு பிரிவினர் மற்றப் பிரிவினரைவிட நெடுநாள் வாழ்ந்தார்கள். யாருக்கும் விடை தெரியாத கேள்விக்குப் பதில் வந்தது அங்கேதான்.

வாசகர், சிவகாசி: மார்பகப் புற்றுநோய் ஒரே நோயா?

அதே 2000-இல் சார்லஸ் பெரோவும் சகாக்களும் எண்ணிப் பார்த்துவிட்டு, குறைந்தது நாலு நோய் என்றார்கள். சர்ஜனின் கத்திக்கு ஒரே கட்டி. மாத்திரைக்கும் ஊசிக்கும் அப்படியில்லை.

வாசகி, கோவை: அக்காவுக்கு 58 வயது. மார்பகக் கட்டியை எடுத்தாச்சு. ஜீன் டெஸ்டில் ஸ்கோர் 17 என்பதால் கீமோ வேண்டாம், மாத்திரை போதும் என்கிறார் டாக்டர். வைத்தியத்தைக் குறைக்கிறாரோ என்று வீட்டில் ஒரே சண்டை.

முதலில் அத்தானிடம் சொல்லி சண்டையை நிறுத்துங்கள். இந்த ஒரு பதிலுக்காகத்தான் மற்ற எல்லாக் கேள்விகளையும் எடுத்துக்கொண்டேன்.

நீங்கள் சொல்வது 21 மரபணு டெஸ்ட், பெயர் ஆன்கோடைப். அறுவை சிகிச்சையில் எடுத்த கட்டியை ஃபார்மலினில் ஊறவைத்து மெழுகுக் கட்டியாக்கி லேபில் வைத்திருப்பார்கள். ‘பிளாக்’ என்பார்கள். அதிலிருந்து ஒரு மில்லிமீட்டரில் நூறில் ஒரு பங்கு கனத்துக்குச் சீவல் எடுத்து, மெழுகைக் கரைத்து, ஆர்.என்.ஏ.வைப் பிரித்து எண்ணுகிறார்கள். ஃபார்மலினில் கிடந்த ஆர்.என்.ஏ. நொறுங்கிப் போயிருக்கும். அதனால் 21-இல் 16 மட்டுமே புற்றுநோய் சம்பந்தப்பட்டவை. மீதி 5, எந்தச் செல்லிலும் ஏறக்குறைய ஒரே அளவில் இருப்பவை, நொறுங்கலுக்குக் கழித்துக்கொள்ள. எல்லாம் கூட்டிக் கழித்து 0 முதல் 100 வரை ஒரு ஸ்கோர்.

ஸ்கோர் ரொம்பக் குறைவென்றால் கீமோ வேண்டாம், ரொம்ப அதிகமென்றால் வேண்டும். நடுவில் இருப்பவர்களை என்ன செய்வது? இதற்காகவே அமெரிக்கா தலைமையில் டெய்லர்-எக்ஸ் என்ற ஆய்வு நடந்தது. 10,273 பெண்கள். 11 முதல் 25 வரை ஸ்கோர் வந்த 6,711 பேரைக் குலுக்கல் முறையில் பிரித்து, பாதிப் பேருக்கு ஹார்மோன் தடுப்பு மருந்து மட்டும், பாதிப் பேருக்கு அதோடு கீமோவும். 2018-இல் முடிவு வந்தது. ஒன்பதாவது ஆண்டில் நோய் திரும்பாமலும் புதிதாக வராமலும் இருந்தவர்கள்: கீமோ இல்லாமல் 83.3 சதவீதம், கீமோவோடு 84.3. உயிரோடு இருந்தவர்கள் இரு பக்கமும் கிட்டத்தட்ட 94 சதவீதம். முடி கொட்டி, வாந்தி எடுத்து, வெள்ளணு குறைந்து அட்மிட் ஆனதற்கெல்லாம் கிடைத்த கூலி அவ்வளவுதான்.

இரண்டு நிபந்தனை உண்டு. இந்தக் கணக்கு ஹார்மோன் ஏற்பி பாசிட்டிவ், ஹெர்-2 நெகட்டிவ், அக்குள் நிணநீர்க் கணுக்களுக்குப் பரவாத கட்டிக்கு மட்டும். 50 வயதுக்குள் இருந்து ஸ்கோர் 16 அல்லது அதற்கு மேல் வந்தவர்களுக்குக் கீமோவால் கொஞ்சம் பலன் தெரிந்தது. அக்காவுக்கு 58. ரிப்போர்ட்டில் மற்ற மூன்றும் பொருந்துகிறதா என்று டாக்டரிடம் கேளுங்கள். பொருந்தினால் அவர் வைத்தியத்தைக் குறைக்கவில்லை, வீண் வேதனையைக் குறைக்கிறார். என்னைக் கேட்டால், மரபணு வெளிப்பாட்டு ஆராய்ச்சி இதுவரை நோயாளிக்குக் கொடுத்த பெரிய பரிசு, யாருக்கு மருந்து வேண்டாம் என்று தைரியமாகச் சொல்லவைத்ததுதான். ஐரோப்பாவில் 70 மரபணு டெஸ்டை வைத்து நடந்த மிண்டாக்ட் ஆய்வும் 2016-இல் இதே திசையில்தான் கை காட்டியது.

மருத்துவப் பிரதிநிதி, ஈரோடு: மருந்தே வரவில்லை என்கிறீர்களா?

அப்படிச் சொன்னால் டென்னிஸ் ஸ்லேமன் கோபித்துக்கொள்வார். மார்பகப் புற்றுநோயாளிகளில் ஐந்தில் ஒருவர், ஆறில் ஒருவருக்கு ஹெர்-2 மரபணு கணக்கில்லாமல் பெருகி, அதன் புரதம் செல் மேல் அப்பிக் கிடக்கும். அவர்களுக்கு நோய் வேகமாகத் திரும்புகிறது என்று 1987-இல் காட்டினார். அந்தப் புரதத்தையே குறிவைத்த டிராஸ்டுசுமாப் 1998-இல் வந்தது. உங்கள் பையிலேயே அதன் நகல் மருந்து ஒன்று இருக்கலாம். ஆனால் அங்கே எண்ணியது ஒரே ஒரு மரபணு. இருபதாயிரத்தையும் எண்ணிக் கண்டுபிடித்த மருந்து எது என்றால் பட்டியல் சட்டென்று மெலிந்துவிடும்.

வாசகர், தஞ்சாவூர்: ‘இத்தனை ஜீன் பார்த்தால் ஆயுசு தெரியும்’ என்று மாதம் ஒரு செய்தி வருகிறதே, நம்பலாமா?

பிரஸ்ஸல்ஸில் டேவிட் வெனேயும் இரு சகாக்களும் 2011-இல் ஒரு குறும்பு செய்தார்கள். சாப்பிட்ட பிறகு வாய்விட்டுச் சிரித்தவர்களின் ரத்தச் செல்களில் எந்த மரபணுக்கள் மாறின என்று வேறு யாரோ போட்டிருந்த பட்டியலை எடுத்து, அதை வைத்து மார்பகப் புற்றுநோயாளிகளின் ஆயுளைக் கணித்தார்கள். கணக்கு கச்சிதமாக வந்தது! சண்டையில் தோற்ற எலியின் மூளைப் பட்டியலும் வேலை செய்தது. பிறகு, அதுவரை வெளியான 47 மார்பகப் புற்றுநோய்ப் பட்டியல்களைக் கண்ணை மூடிக்கொண்டு பொறுக்கிய மரபணுக்களோடு மோதவிட்டார்கள். 28 பட்டியல்கள் குருட்டுப் பொறுக்கலைவிடத் தேறவில்லை.

காரணம் மர்மமில்லை. வேகமாகப் பெருகும் கட்டி ஆபத்தானது. செல் பெருகும்போது ஆயிரக்கணக்கான மரபணுக்களின் பிரதி எண்ணிக்கை சேர்ந்தே ஏறி இறங்கும். கைக்கு வந்ததை அள்ளினாலும் அதில் அந்த வேகம் கொஞ்சம் ஒட்டிக்கொண்டு வந்துவிடும். அதனால் அடுத்த முறை செய்தி வந்தால், ‘பட்டியல் சரியாகச் சொன்னதா’ என்று கேட்காதீர்கள். ‘குருட்டுப் பட்டியலைவிடச் சரியாகச் சொன்னதா’ என்று கேளுங்கள்.

ஐ.டி. ஊழியர், சென்னை: மரபணுப் பட்டியலுக்கு விஞ்ஞானிகளும் எக்செல்தானா?

எக்செல்தான். அது ‘மார்ச்1’ என்ற மரபணுவை மார்ச் முதல் தேதி ஆக்கிவிடும், ‘செப்ட்2’ செப்டம்பர் இரண்டாகிவிடும். எக்செலில் மரபணுப் பட்டியல் இணைத்த கட்டுரைகளில் ஏறக்குறைய ஐந்தில் ஒன்றில் இந்தத் தவறு இருப்பதாக 2016-இல் கண்டார்கள். 2020-இல் மரபணுக்களின் பெயரையே மாற்றிவிட்டார்கள். அதற்கப்புறம் 2023-இல்தான் மைக்ரோசாஃப்ட் இந்தத் தேதி வியாதியை அணைத்துவைக்க வழி செய்தது.

வாசகர், பாளையங்கோட்டை: கம்ப்யூட்டரே ‘இந்த நோயாளிக்கு இந்த கீமோ’ என்று சொல்லிவிடும் காலம் எப்போது?

வந்துவிட்டதாக 2006-இல் டியூக் பல்கலைக்கழகத்தில் அனில் பொட்டி குழு அறிவித்தது. நோயாளிகளைச் சேர்த்து மருத்துவ ஆய்வும் தொடங்கியாயிற்று. டெக்சஸில் எம்.டி. ஆண்டர்சன் புற்றுநோய் மையத்தின் புள்ளியியலாளர்கள் கீத் பேகர்லியும் கெவின் கூம்ப்ஸும் அதே கணக்கைத் திரும்பப் போட்டார்கள். விடை வரவில்லை. தோண்டினார்கள். மரபணுப் பட்டியல் முழுக்க ஒரு வரி கீழே நழுவியிருந்தது. அதைவிட மோசம், சில மருந்துகளில் ‘கேட்கும்’, ‘கேட்காது’ என்ற முத்திரைகளே இடம் மாறியிருந்தன. அதாவது எந்த மருந்து வேலை செய்யாதோ அதைத் தேடிப்பிடித்து நோயாளிக்கு எழுதிக் கொடுக்கிற கம்ப்யூட்டர். 2009-இல் அவர்கள் கட்டுரையாகவே எழுதிய பிறகு ஆய்வுகள் நின்றன. ‘விசாரித்தோம், சரிதான்’ என்று மறுபடி ஓடின. கடைசியில் கவிழ்த்தது எது தெரியுமா? பொட்டி ரோட்ஸ் உதவித்தொகை பெற்றதாகப் பயோடேட்டாவில் போட்டிருந்தது பொய் என்று 2010 ஜூலையில் ஒரு செய்திமடல் எழுதியது. மேட்ரிக்ஸ் கணக்கு யாருக்கும் புரியவில்லை. பயோடேட்டா எல்லாருக்கும் புரிந்தது. அந்த வருடக் கடைசிக்குள் ஆய்வுகள் மூடப்பட்டன, கட்டுரைகள் ஒவ்வொன்றாக வாபஸாகத் தொடங்கின.

இல்லத்தரசி, புதுச்சேரி: கட்டியின் எந்த மூலையில் துண்டு எடுத்தாலும் ரிப்போர்ட் ஒன்றுதானே?

ஒன்றாக இல்லை என்பதுதான் வம்பு. லண்டனில் சார்லஸ் ஸ்வான்டன் குழு 2012-இல் சிறுநீரகப் புற்றுநோயில் ஒரே கட்டியின் பல இடங்களில் துண்டு எடுத்தது. ஒரு மூலை ‘பயப்படாதே’ என்றது. இன்னொரு மூலை ‘கவலைக்கிடம்’ என்றது. போதாததற்கு, கட்டி என்பது புற்றுச் செல் மட்டுமல்ல. ரத்தக்குழாய், நார், நோய் எதிர்ப்புச் செல்கள் எல்லாம் அதில் உண்டு. மொத்தமாக அரைத்து எண்ணினால் யார் எடுத்த பிரதி என்று தெரியாது. அதனால்தான் இப்போது செல் செல்லாகப் பிரித்து எண்ணுகிறார்கள். பர்ஸ் கனமாக இருக்கிற ஆய்வகங்களில்.

பி.எஸ்சி. முதலாண்டு, திருநெல்வேலி: எங்கள் கல்லூரியில் மைக்ரோஸ்கோப்புக்கே வரிசை. இதில் நான் ஏதாவது செய்ய முடியுமா?

முடியும். அமெரிக்க அரசின் டி.சி.ஜி.ஏ. திட்டம் 33 வகைப் புற்றுநோய்களில் 11,000-க்கு மேற்பட்ட நோயாளிகளின் கட்டிகளை எண்ணி, எண்ணிக்கைக் கோப்புகளை இணையத்தில் இலவசமாக வைத்திருக்கிறது. நோயாளியை அடையாளம் காட்டக்கூடிய மூலத் தரவுக்கு மட்டும் அனுமதி வாங்க வேண்டும். கணக்குப் போட ‘ஆர்’ மென்பொருளும் இலவசம், பழைய லேப்டாப்பிலும் ஓடும். புள்ளியியல் தாளில் அரியர் இருந்தால் அதை முதலில் முடித்துவிட்டு உட்காருங்கள்.